வெறும் டப்பாவின் ஓசை

நபிமார்கள் அனைவரும் ஆடு மேய்த்தவர்கள் என்னும் நபிமொழியை ஆண்டுதோறும் போதித்துவரும் நாம், ஓர் ஆட்டையும் வளர்த்ததில்லை. சென்ற ஆண்டு ஹஜ்ஜுப் பெருநாளுக்கு மூன்று மாதங்கள் முன்பாகவே, குர்பானிக்கென இரண்டு செம்மறிக் கிடாக்கள் மத்ரஸாவுக்கு வந்தன. செம்மறி கூட்டமாக வாழும் பிராணி. ஒன்றைத் தனியே கட்டினால் மிரண்டு கத்திக்கொண்டேயிருக்கும்.

அழைத்தால் வருமாறு அவற்றைப் பழக்கும் பொறுப்பை ஏற்றுக்கொண்டோம். அஸர் தொழுகைக்குப் பின், தகர டப்பாவில் உடைத்த மக்காச்சோளத்தைக் குலுக்கி, "வா" என்ற ஒரே சொல்லைச் சொல்வோம். வந்தவுடன் ஒரு கைப்பிடி. அதட்டலும் அடியும் கூடாது, சொல்லையும் மாற்றலாகாது. இரண்டாம் வாரத்தில் டப்பாவைக் குலுக்காமலேயே சொல்லுக்கு வந்தன. "நில்" என்பதைக் கற்பிக்க அதைவிட நாட்கள் பிடித்தன. தீனியைக் கண்ட கிடாவுக்குப் பொறுமை ஏது! மாணவர்கள் அழைத்தால் தலையை மட்டும் தூக்கிப் பார்க்கும். தம்மைப் பராமரிப்பவரின் முகத்தைச் செம்மறிகள் புகைப்படத்திலும் அடையாளம் காண்பதாகக் கேம்பிரிட்ஜ் பல்கலைக்கழக ஆய்வாளர்கள் 2017இல் வெளியிட்ட செய்தி நமக்கு வியப்பளிக்கவில்லை.

ஒருநாள் குடற்புழு மருந்து புகட்ட வேண்டியிருந்தது. சோளம் தீர்ந்திருந்தது. அவசரத்தில் டப்பாவில் கூழாங்கற்களைப் போட்டுக் குலுக்கி அழைத்தோம். இரண்டும் ஓடி வந்தன. பிடித்து, வாயைத் திறந்து மருந்தை ஊற்றினோம். அருகில் நின்ற சிறுவன், "ஹஜ்ரத், அந்தப் பேரீச்சம்பழ ஹதீஸ்..." என்று தொடங்கி, அச்சத்தால் நிறுத்திக்கொண்டான்.

அபூதாவூதில் வரும் அதனை முந்தைய வாரந்தான் பாடம் நடத்தியிருந்தோம். ஏதோ தருவதாகக் கூறி மகனை அழைத்த தாயிடம், என்ன தர நாடினீர் என நபி (ஸல்) அவர்கள் வினவினார்கள். பேரீச்சம்பழம் என்றார் அவர். ஒன்றும் தராதிருந்தால் அது ஒரு பொய்யாகப் பதியப்பட்டிருக்கும் என்றார்கள். அது குழந்தையைக் குறித்தது, ஆட்டைக் குறித்ததன்று எனச் சிறுவனுக்கு மறுமொழி கூற நா எழுந்தது, கூறவில்லை.

மறுநாள் மெய்யாகவே சோளம் கொண்டு சென்று அழைத்தோம். வரவில்லை. ஆறு நாட்கள் தீனியைத் தரையில் வைத்துவிட்டு விலகி நின்றோம். ஏழாம் நாள் சிறிய கிடா வந்தது. பெரியது அதன் பின்னால்.

பெருநாள் காலையில் அறுப்பவர், "நீங்க கூப்பிட்டா வந்துடுமே, ஹஜ்ரத்" என்றார். கயிற்றைக் கேட்டு வாங்கி, ஒன்றை மற்றொன்று காணாதவாறு, மெதுவாக நடத்திச் சென்றோம். அந்தச் சொல்லை மட்டும் சொல்லவில்லை.