நெஷ்

‘நெஷ்’ என்று ஓர் ஆங்கிலச் சொல். லண்டனில் சொன்னால் பலர் விழிப்பார்கள். நாட்டிங்ஹாம், ஷெஃபீல்டு, ஸ்டோக் பக்கம் இன்றும் வீட்டுப் பேச்சில் புழங்குகிறது. லேசாகக் காற்றடித்ததும் கோட்டை இழுத்துப் போர்த்திக்கொண்டு ஹீட்டரைப் போடச் சொல்பவர்தான் ‘நெஷ்’. குளிர் தாங்காத உடம்புக்காரர்.

இது வெறும் கேலிச் சொல் இல்லை என்பதுதான் எனக்குப் பிடித்திருக்கிறது. பழைய ஆங்கிலத்திலேயே இதன் வேர் இருக்கிறது. அப்போது மென்மை, இளசு என்றுதான் பொருள். இடைக்கால ஆங்கிலத்தில் ‘கடினத்திலும் நெஷ்ஷிலும்’ என்றால், எந்த நிலை வந்தாலும் என்று அர்த்தம். பிறகுதான் மென்மை மெல்ல பலவீனமாகிவிட்டது. பயந்து பின்வாங்குவதற்கும் இதையே வினைச்சொல்லாக்கிவிட்டார்கள். நிலக்கரிச் சுரங்கமும் ஆலையும் நிறைந்த அந்த ஊர்களில் உடம்பு இளசாக இருப்பது பெருமையாக இருந்திருக்காது என்று நினைக்கிறேன்.

இப்படிப்பட்ட சொற்களைத் தேடுகிறவர்கள் ஜோசப் ரைட்டுக்குக் கடன்பட்டவர்கள். 1855-இல் யார்க்‌ஷயரில் பிறந்தவர். சிறுவயதில் கல்குவாரியில் கழுதை ஓட்டினார், பிறகு ஆலை வேலை. பதினைந்து வயதில்தான் எழுத்துக்கூட்டிப் படிக்கக் கற்றார். அவரே பின்னாளில் ஆக்ஸ்ஃபோர்டு பேராசிரியரானார்; 1898 முதல் 1905 வரை ஆறு தொகுதிகளாக ஆங்கில வட்டார வழக்கு அகராதியைக் கொண்டுவந்தார். அதைப் புரட்டும்போதெல்லாம் அந்த மனிதர் மேல் எனக்குப் பெரும் மரியாதை வருகிறது. படித்தவர்கள் கொச்சை என்று ஒதுக்கிய பேச்சுக்குள்ளேயே பிறந்து வளர்ந்தவர் அவர்.