தராசில் ஏறாத நாட்கள்

பிரியதர்ஷன் இயக்கிய ‘காஞ்சிவரம்’ படத்தில் பிரகாஷ்ராஜ் நடித்த வேங்கடம், பட்டு நெசவில் கைதேர்ந்தவர். மகளைப் பட்டுச்சேலையில்தான் கட்டிக்கொடுப்பேன் என்று அவள் கைக்குழந்தையாக இருக்கும்போதே ஊரறிய வாக்குக் கொடுத்துவிடுகிறார். வாங்கக் காசு இல்லை. வேலை முடிந்து கிளம்பும்போது கொஞ்சம் பட்டு நூலை வாய்க்குள் அடக்கிக் கொண்டுவந்து, வீட்டில் மறைவாக, ஆண்டுக்கணக்கில் ஒரே சேலையை நெய்கிறார். மகள் வளர வளரச் சேலையும் வளர்கிறது. கடைசியில் அகப்பட்டுக்கொண்டு சிறைக்குப் போகிறார். சேலை அரைகுறையாக நின்றுவிடுகிறது. இதை வறுமையின் கதை என்பார்கள், திருட்டின் கதை என்பார்கள். எனக்கு இது கணக்கின் கதையாகவே படுகிறது. முதலாளியின் நூல் காணாமல் போனால் கேட்க ஆள் உண்டு, தண்டனை உண்டு. நெய்பவரின் நாள் காணாமல் போனால் கேட்பாரில்லை. வேங்கடத்தின் கையில் இருந்த ஒரே சொத்து அந்த நாட்கள்தான். அவற்றை எந்தத் தராசும் நிறுத்துப் பார்க்கவில்லை.

இது கற்பனைப் பாத்திரத்தோடு முடிந்துபோகிற விஷயமல்ல. காஞ்சிபுரத்தில் பட்டும் ஜரிகையும் எடைபோட்டுத்தான் நெசவாளர் கைக்கு வருகின்றன. நெய்த சேலையும் எடை பார்த்துத்தான் திரும்பிப் போகிறது. கூலி மட்டும் சேலைக்கு இவ்வளவு என்று மொத்தமாக. தறியில் உட்காருவதற்கு முன்னால் எவ்வளவு வேலை இருக்கிறது! பாவு ஓட வேண்டும். அதைத் தெருவில் நீளமாக இழுத்துக் கட்டிக் கஞ்சி போட்டுக் காயவிட வேண்டும். தறியில் இருக்கும் பழைய பாவின் நுனிகளோடு புதுப் பாவை இழை இழையாகப் பிணைக்க வேண்டும். அடுப்பு வேலை முடிந்த கையோடு வீட்டுப் பெண்கள் ஊடை நூலைத் தார் சுற்ற உட்காருகிறார்கள். 2019-20-இல் நடந்த நான்காவது அகில இந்தியக் கைத்தறிக் கணக்கெடுப்பு, நாடு முழுவதும் சுமார் 35 லட்சம் கைத்தறித் தொழிலாளர்களைக் கணக்கிட்டு, அவர்களில் எட்டரை லட்சம் பேரைத் துணைத் தொழிலாளர்கள் என்று தனியே காட்டியது. கணக்கெடுப்பின் கண்ணுக்குத் தெரிந்த இவர்கள், பல வீடுகளில் கூலிச் சீட்டில் தென்படுவதில்லை.

பெட்னி என்னும் முந்தி இணைப்பை எடுத்துக்கொள்ளுங்கள். சேலையின் உடல் ஒரு நிறம், முந்தி வேறு நிறம் என்றால், உடலின் பாவு இழைகளோடு முந்தி நிறத்துப் புது இழைகளை ஒவ்வொன்றாக இணைக்க வேண்டும். இரண்டும் சேர்ந்தபடி கொஞ்சம் நெய்த பிறகு பழைய இழைகளை அறுத்துவிடுகிறார்கள். ஆயிரக்கணக்கான இழைகள், ஒன்று தப்பினாலும் துணியில் காட்டிக்கொடுக்கும். அவ்வளவு நேரமும் துணி ஒரு விரல்கூட வளர்வதில்லை. முழத்தைப் பார்த்து உழைப்பை மதிப்பவர் கண்ணுக்கு அன்று வேலையே நடக்கவில்லை.

கரையை உடலோடு கோக்கும் கோர்வையின் கதை இன்னும் கசப்பானது. கரையும் உடலும் வெவ்வேறு ஊடை நிறத்தில் வர, மூன்று நாடாக்களை ஓட்ட வேண்டும். நெசவாளர் ஒருவரால் ஆகாது. பக்கத்தில் இன்னொருவர் உட்கார்ந்து மறுபக்கக் கரையின் நாடாவை வாங்கித் தள்ள வேண்டும். நெடுங்காலம் அந்த இன்னொருவர் பெரும்பாலும் ஒரு சிறுவன் அல்லது சிறுமி. குழந்தை உழைப்புக்கு எதிரான சட்டமும் பள்ளிக்கூடமும் அவர்களைத் தறியிலிருந்து எழுப்பின. அது நடந்தே தீர வேண்டிய நன்மை. ஆனால் காலியான அந்த இடத்தில் பெரியவர் ஒருவரைக் கூலி கொடுத்து உட்காரவைக்கக் கூலி கட்டுப்படவில்லை. கோர்வை நெய்யும் தறிகள் குறையத் தொடங்கியதற்கு இது ஒரு முக்கியக் காரணம். பழைய விலை எதன்மேல் நின்றிருந்தது என்பது அப்போதுதான் வெளிச்சத்துக்கு வந்தது. இரண்டு பேர் நாட்களில் ஒருவருடையதற்கு மட்டுமே விலை போட்டிருந்தார்கள். மற்றது ஒரு குழந்தையின் நாள்.

சேலைக்கு இவ்வளவு என்பதே நியாயமான முறை, கைவேகம் உள்ளவர் அதிகம் சம்பாதிக்கலாம், வீட்டிலிருந்தபடி இஷ்டப்பட்ட நேரத்தில் வேலை செய்யலாம் என்று ஒரு வாதம் உண்டு. அதில் உண்மை இருக்கிறது. மேற்பார்வை இல்லாத வேலையை விரும்பியே தறியில் இருப்பவர்கள் உண்டு. ஆனால் அந்தச் சுதந்திரத்தோடு நஷ்டமும் முழுதாக அவர் தலையில் விழுகிறது. ஐப்பசி, கார்த்திகை மழையில் தெருவில் பாவு போட முடியாது. குழித்தறியின் குழியில் தண்ணீர் ஊறும். அந்த நாட்களுக்கு எந்தச் சேலையின் கூலியிலும் இடமில்லை. நேரத்துக்கு விலை போட்டால் சேலை விலை ஏறும், வாங்குபவர் விசைத்தறிக்குப் போய்விடுவார் என்பது அடுத்த வாதம். வெள்ளியும் தங்கமும் ஏறும்போது ஜரிகையை முன்னிட்டுச் சேலை விலை ஏறத்தான் செய்கிறது. கல்யாண வீடுகள் அதைக் கொடுத்துத்தான் வாங்குகின்றன. ஏறக்கூடாத ஒரே விலை மனிதனின் நாள் என்றால் அதை நான் ஏற்க மாட்டேன். 1985-ஆம் ஆண்டுச் சட்டம் சில துணிவகைகளைக் கைத்தறிக்கென்றே ஒதுக்கியது; 2005-இல் காஞ்சிபுரம் பட்டுக்குப் புவிசார் குறியீடு கிடைத்தது. இரண்டும் நல்ல காரியங்கள். இரண்டும் துணியைக் காக்கின்றன, நெய்பவரின் நேரத்தைத் தொடவில்லை.

பிள்ளைகளுக்கே வேண்டாத தொழிலை ஏன் பிடித்து நிறுத்த வேண்டும் என்று கேட்பவர்களுக்குச் சொல்ல வேண்டியது ஒன்று உண்டு. எவரையும் பிறந்த குடும்பத்தை வைத்துத் தறியில் கட்டிப்போட ஒருவருக்கும் உரிமை இல்லை. ஆனால் அந்தப் பிள்ளைகள் போய்ச் சேரும் ஒரகடம், ஸ்ரீபெரும்புதூர் தொழிற்சாலைகளில் வேலை இலகுவானதல்ல. இருந்தும் அங்கே நேரம் கணக்கில் வருகிறது: ஷிப்ட் உண்டு, வருகைப்பதிவு உண்டு, கூடுதல் நேரம் பார்த்தால் ஓவர்டைம் கேட்கலாம். தறியை வெறுத்துத்தான் போகிறார்கள் என்று முடிவு கட்டுமுன், நெசவாளர் கூட்டுறவுச் சங்கங்களும் முதலாளிகளும் கூலிச் சீட்டில் பெட்னிக்கு ஒரு வரி, கோர்வைத் துணையாளுக்கு ஒரு வரி, தார் சுற்றியவருக்கு ஒரு வரி, மழை நாளுக்கு ஒரு வரி சேர்த்துப் பார்க்கட்டும். அதன் பிறகும் தறி காலியாக இருந்தால், பிள்ளைகளுக்கு வேண்டாத தொழில் என்று அப்போது பேசலாம்.