கடலைத் தாண்டிய பிள்ளை

கார்த்திகைத் தீபத்தைப் பற்றியோ கிரிவலத்தைப் பற்றியோ எழுதச் சொன்னால் திருவண்ணாமலைக்காரர் எவரும் தயங்காமல் பேனாவை எடுத்துவிடுவார். மலையும் நெருப்பும் எங்கள் பிதிரார்ஜிதச் சொத்து. கடலைப் பற்றி எழுத இந்த ஊர்க்காரனுக்கு என்ன யோக்கியதை என்று நேயர்கள் கேட்டால், அது நியாயமான கேள்விதான். கோயிலுக்குள் சிவகங்கைத் தீர்த்தமும் பிரம்ம தீர்த்தமும், வெளியே அய்யங்குளமும் எங்களுக்குப் பெரிய ஜலப்பரப்புகள். ஆனால் நான் சொல்ல வந்த குற்றாலீசுவரன் பிறந்த ஈரோட்டிலும் கடல் கிடையாது.

1981-ஆம் வருஷம் பிறந்த அந்தப் பிள்ளை சென்னையில் வளர்ந்து, நீச்சல் குளத்தில் பழகியவன். (இன்று நாற்பதைக் கடந்துவிட்டவரை 'அவன்' என்று எழுதுகிறேன், பன்னிரண்டு வயதுப் பையனை வேறு எப்படி எழுதுவது?) 1994-ஆம் வருஷம் ஏப்ரல் மாதத்தில் இலங்கையின் தலைமன்னாரில் கடலில் இறங்கி, பாக் ஜலசந்தியைக் கடந்து, தனுஷ்கோடியில் கரையேறினான். சுமார் 16 மணி நேரம் நீந்தினான். நம் வீட்டுப் பிள்ளைகள் அந்த வயதில் 16 மணி நேரம் சேர்ந்தாற்போல் செய்யும் காரியம் ஏதாவது உண்டா என்று யோசித்துப் பார்த்தேன். தூங்குவதைக்கூட அவ்வளவு நேரம் செய்வதில்லை.

நான்கு மாதங்களுக்குப் பிறகு இங்கிலீஷ் கால்வாய். 1875-ல் காப்டன் வெப் என்ற ஆங்கிலேயர் 21 மணி 45 நிமிஷத்தில் முதன் முதலாக நீந்திக் கடந்த நாள் தொட்டு, நீச்சல்காரர்களுக்கு அது காசி யாத்திரை மாதிரி. டோவர் கரையிலிருந்து பிரெஞ்சுக் கரை நேராக அளந்தால் சுமார் 34 கிலோமீட்டர்தான். ஆனால் நேராகப் போக அந்தக் கடல் விடுவதில்லை. ஏறக்குறைய ஆறு மணிக்கு ஒரு தரம் நீரோட்டம் திசை மாறி, நீந்துகிறவனை ஒரு முறை இந்தப் பக்கமும் மறு முறை அந்தப் பக்கமும் இழுத்துச் செல்லும். ஆகஸ்டு மாதத்தில்கூட ஜலத்தின் உஷ்ணம் 18 டிகிரியைத் தாண்டுவது அபூர்வம். குளிருக்குக் கவசம் அணியக் கூடாது; சாதாரண நீச்சல் உடை, தொப்பி, கண்ணாடி, இவ்வளவே அனுமதி. பக்கத்திலேயே துணைப் படகு வரும். ஆனால் அதைத் தொட்டால் அந்த நிமிஷமே முயற்சி முடிந்தது. பசிக்குக் கொடுக்கும் பானத்தையும் கயிற்றில் கட்டியோ கம்பின் முனையில் வைத்தோ நீட்டுவார்கள். கை நீட்டினால் எட்டும் படகைத் தொடாமல் அவன் 12 மணி நேரத்துக்கு மேல் நீந்தினான் என்பதுதான் என்னை மலைக்க வைக்கிறது. குளிரும் தூரமும் அப்புறம்.

அதே வருஷத்தில் இத்தாலியில் மெஸ்ஸினா ஜலசந்தி உள்பட மூன்று இடங்களையும், ஆஸ்திரேலியாவில் ராட்னெஸ்ட் கால்வாயையும் கடந்தான். ஒரே வருஷத்தில் ஆறு! 1966-ல் ஐந்து கடந்து புகழ் பெற்ற வங்காளத்து வீரர் மிகிர் சென்னின் சாதனையை ஒரு தமிழ்ப் பையன் முந்திவிட்டான். 1996-ல் அர்ஜுனா விருது கிடைத்தது.

மிகிர் சென்னின் கதையில் வேறொரு விஷயம் உண்டு. பாக் ஜலசந்தியில் வழிகாட்டிக் கூட வருவதற்குக் கடற்படைக்குச் செலுத்த அவருக்கு 45,000 ரூபாய் தேவைப்பட்டது. பாதியை ஸ்டேட்ஸ்மன் பத்திரிகை முதலான ஆதரவாளர்கள் கொடுத்தார்கள். மீதிக்கு அப்போது பிரதமராயிருந்த இந்திரா காந்தி வழி செய்தார். பிரதமர் வரையில் போனால்தான் ஒரு மனிதன் தண்ணீரில் இறங்க முடியும் என்றால், மற்றவர்கள் என்ன செய்வது? படகு வாடகை, கப்பல் அல்லது விமானக் கட்டணம், காற்று அடங்கும் வரை அயலூரில் காத்திருக்கும் செலவு: கடல் நீச்சலில் கை கால்களுக்கு முன்னால் நீந்த வேண்டியது பணப்பைதான். எங்கள் அய்யங்குளத்தில்தான் 1896-ல் பகவான் ரமணர் கையில் மிஞ்சியிருந்த சில்லறையை வீசி எறிந்தார். மதுரையில் படித்த நாளில் அவரும் வைகையில் நீந்தி விளையாடியவர். ஞானிக்குக் காசு வேண்டியதில்லை, நீச்சல்காரனுக்கு வேண்டியிருக்கிறது.

குற்றாலீசுவரனுக்கு ஆதரவாளர் கிடைக்கவில்லை. 1998-ல், பதினாறு பதினேழு வயதில், நீச்சலை விட்டுவிட்டுப் படிப்பைப் பிடித்துக்கொண்டார். அமெரிக்கா சென்று மேற்படிப்பும் படித்தார்.

இதையெல்லாம் இப்போது நான் கிளறுவதற்குக் காரணம் எங்கள் வீட்டுப் பெண். என் தம்பியின் பேத்தி. செங்கத்துக்குப் பக்கத்துக் கிராமத்தில், பாட்டி வீட்டுக் கிணற்றில் முதுகில் சுரைக்குடுக்கை கட்டி நீந்தப் பழகியவள். சில பந்தயங்களில் ஜயித்துவிட்டாள். சென்னையில் தங்கிப் பயிற்சி பெற வேண்டும் என்கிறாள். வருகிற வருஷம் பத்தாம் வகுப்பு. அவள் தகப்பன் என்னிடம் வந்தான்.

"பெரியப்பா, நீங்களே சொல்லுங்கள். அந்தக் குற்றாலீசுவரனே விட்டுவிட்டுப் படிக்கப் போகவில்லையா? நன்றாகத்தானே இருக்கிறார்?"

பதில் சொல்ல வாயெடுத்தேன். அதற்குள் அந்தப் பெண் முந்திக்கொண்டாள்.

"தாண்டிவிட்டுத்தானே அப்பா போனார்!"

படிக்கப் போனது தவறு என்று நான் சொல்ல மாட்டேன்; குடும்பஸ்தர் எவரும் சொல்ல மாட்டார். ஆனால் ஆறு கடல்களைத் தாண்டிய பிள்ளையை, நீச்சலா படிப்பா என்று பதினாறு வயதில் நிறுத்திக் கேட்டது யார்? கடல் கேட்கவில்லை. மாலை போட்டுப் புகைப்படம் எடுத்துக்கொண்ட நாம்தான் கேட்டோம். விருதைப் பெட்டியில் வைத்துக் கொடுத்தோம். அடுத்த பிரயாணத்துக்கு டிக்கெட் வாங்கிக் கொடுக்க ஆள் இல்லை.

தம்பி மகனிடம் இவ்வளவும் சொன்னேன். அவன் பதில் பேசவில்லை. காகிதமும் பென்சிலும் கேட்டான். சென்னையில் மாத வாடகை, சாப்பாடு, பள்ளிச் சம்பளம், பயிற்சிக் கட்டணம் என்று ஒவ்வொன்றாக எழுதிக் கூட்டினான். கூட்டுத்தொகையைப் பார்த்துவிட்டுக் காகிதத்தை என் பக்கம் தள்ளினான். என் பென்ஷனில் எவ்வளவு எழுதலாம் என்று நான் யோசித்துக்கொண்டிருக்கையில், அந்தப் பெண் என் பின்னால் வந்து நின்று, கூட்டலில் ஒரு தப்பு இருப்பதாகச் சொன்னாள். பார்த்தேன், இருந்தது. தொகை எண்ணூறு ரூபாய் குறைந்தது.