ஆடிக் காற்றில் ராய்க்வாஸா

வியாழன்

ராய்க்வாஸா வந்துவிட்டது. போக்கிமான் கோ விளையாட்டில் இப்போது ஐந்து நட்சத்திர ரெய்டின், அதாவது கூட்டுச் சண்டையின், தலைவன் அதுதான். பச்சைப் பாம்பு போல நீண்ட உடம்பு. டிராகன் வகையும் பறக்கும் வகையும் கலந்த பிறவி. உயிர்ப்புள்ளி 15,000. அதைச் சாய்க்க 300 விநாடி தருவார்கள். ஆளுக்கு ஆறு போக்கிமான், 20 பேர் வரை சேர்ந்து அடிக்கலாம். எங்கள் ஊரான தேவாரத்தில் 20 பேருக்கு நான் எங்கே போவேன்? நான், அண்ணன் மகன், ஜீப் ஓட்டும் மாப்பிள்ளை. மூன்றே பேர். விநாடிக்கு 50 புள்ளி இறங்க வேண்டும், தலைக்குப் பதினேழு.

இத்தனைக்கும் மேலே காற்று வேறு. தென்மேற்குப் பருவம் மலைக்கு அந்தப் பக்கம் மழையைக் கொட்டிவிட்டு, நம் பக்கம் வெறுங்காற்றாக இறங்கிக்கொண்டிருக்கிறது. தென்னை மட்டை விழாத நாளில்லை. விளையாட்டுக்கும் வானிலை உண்டு. மணிக்கொரு முறை மாறும். திரையில் காற்று வீசினால் டிராகன், பறக்கும் வகை, மனவகை மூன்றுக்கும் அடியில் 20 சதவீதம் கூடும். ஆடி மாதத்தில் இந்த அடிவாரத்துக்கு ராய்க்வாஸா வருவதென்றால் மாமியார் வீட்டுக்கு வருவது மாதிரி. உபசாரம் தடபுடலாக இருக்கும். நமக்கு ஒரே ஆறுதல், காற்றுள்ளபோது பிடித்தால் 20-ஆம் நிலைக்குப் பதில் 25-ஆம் நிலையில் கிடைக்கும்.

வெள்ளி, இரவு

அண்ணன் மகன் தன் ஆறு பேரைக் காட்டினான். முதலில் நிற்பது ஸ்லாக்கிங். "சித்தப்பா, இதுக்குத்தான் சி.பி. அதிகம். நாலாயிரத்தத் தாண்டிருச்சு." உண்மைதான். ஆனால் ஸ்லாக்கிங்கின் சாதாரண அடி கொட்டாவி. விளையாட்டாகச் சொல்லவில்லை, அந்தத் தாக்குதலின் பெயரே கொட்டாவிதான், அதன் சேதம் பூஜ்யம். உடம்பை மட்டும் பார்த்து ஆள் எடுத்தால் இப்படித்தான் ஆகும். சி.பி. என்பது தாக்கும் பலம், தாங்கும் பலம், உயிர் எல்லாவற்றையும் கலந்து எழுதிய ஒற்றை எண். யாரை எதிர்த்து என்ற கேள்வி அதில் கிடையாது.

இரண்டாவது சாரிஸார்ட். அதைத் தொடவே விடவில்லை. தீயை டிராகன் தாங்கிக்கொள்ளும். 100 புள்ளி அடித்தால் 62 போய்ச் சேரும் என்றேன். "அது சின்னதுலருந்து நான் வளத்தது" என்றான். அதற்கு என்ன பதில் சொல்வது?

அடுத்து இரண்டு அக்ரான். இவை விளையாட்டே தானாக அடுக்கிக் கொடுத்தவை. இரும்பு வகை என்பதால் டிராகன் அடியையும் பறக்கும் அடியையும் தாங்கும். தாங்கும், அவ்வளவுதான். 300 விநாடி தலைவன் முன்னால் விழாமல் நின்றுவிட்டு, நேரம் முடிந்ததும் வீட்டுக்கு வரலாம். சாகாத ஆளை அனுப்புகிற பரிந்துரையை நான் நம்புவதே இல்லை. நேரக்கட்டுப்பாடு உள்ள சண்டையில் செத்தாலும் அடித்துவிட்டுச் சாகிறவன் வேண்டும்.

கடைசி இரண்டும் டிராகனைட். இங்கேதான் பையன் யோசித்திருக்கிறான். "காத்து நமக்கும்தானே சித்தப்பா பலம் குடுக்கும்?" நல்ல கேள்வி. தாளை எடுத்துக் கணக்குப் போட்டோம். டிராகன் மேல் டிராகன் அடித்தால் 1.6 மடங்கு. காற்றின் 20 சதவீதத்தைச் சேர்த்தால் 1.92. பனி வகைக்குக் காற்று ஒன்றும் தராது. ஆனால் ராய்க்வாஸாவின் டிராகன் பாதிக்கும் பனி ஆகாது, பறக்கும் பாதிக்கும் ஆகாது. 1.6-ஐ 1.6-ஆல் பெருக்கினால் 2.56. காற்று எவ்வளவு வீசினாலும் டிராகன் பனியை எட்டவில்லை. போதாததற்கு நம் டிராகனைட்டை அந்தத் தலைவனின் டிராகன் அடியும் 1.6 மடங்காகத் தாக்கும், அதற்கும் காற்றின் பலம் உண்டு. ஊதுகிற காற்று யாருக்குச் சாதகம் என்று பார்த்து ஆள் எடுப்பது புத்திசாலித்தனம் போலத் தெரியும். இந்த இடத்தில் இல்லை.

பனி வகைக்குப் பலம் கூட வேண்டுமானால் திரையில் பனி கொட்ட வேண்டும். தேவாரத்தில் அதற்கு வாய்ப்பே இல்லை.

சனி

மாமோஸ்வைன் என்று முடிவாயிற்று. வீவைல் வேகமாக அடிக்கும், கிளேசியான் பரவாயில்லை. ஆனால் இரண்டுமே, ராய்க்வாஸா பாறைத் தாக்குதல் வைத்திருந்தால் உதிர்ந்துவிடும். மாமோஸ்வைன் பனியும் நிலமும் சேர்ந்தது. பனியைப் பாறை உடைக்கும், நிலம் அதைத் தாங்கும். இரண்டும் கழிந்து சமமாகிவிடும். டிராகன் அடியும் பறக்கும் அடியும் அதற்குச் சாதாரணம். ராய்க்வாஸா எந்தத் தாக்குதலோடு வந்தாலும் இதற்கென்று தனி ஆபத்து கிடையாது. தாக்குதல்கள் இரண்டும் பனியாக இருக்க வேண்டும்: தூள்பனி ஒன்று, பனிச்சரிவு ஒன்று. நிலத் தாக்குதலை வைத்துக்கொண்டு போனால் எதிரே பறப்பதன் மேல் மண்ணை வாரி இறைத்தது போலாகும்.

2019 பிப்ரவரியில், மாமோஸ்வைனின் குட்டி வடிவமான ஸ்வைனப்புக்கென்று ஒரு சமூக நாள் நடந்தது. அன்று வாரிச் சேர்த்தவர்களுக்குக் கவலையில்லை. ஸ்வைனப்பை வளர்க்க 50 மிட்டாய், அதற்கடுத்த படிக்கு 100 மிட்டாயோடு ஒரு சின்னோ கல். என்னிடம் ஆறும் தேறியது. மாப்பிள்ளையிடம் நான்கு, பையனிடம் மூன்று. மற்ற இடங்களை வீவைலால் நிரப்பினோம். ஒரே போக்கிமானை ஆறு முறை நிறுத்துவது பார்க்க அழகாக இருக்காது. அழகுக்கு வேறு நாள் இருக்கிறது.

மலையடியில் பெரியப்பாவின் தோட்டத்துக்குப் போயிருந்தேன். போனை வாங்கி மாமோஸ்வைனை உற்றுப் பார்த்தார். உடம்பு பன்றி, கம்பளி மயிர், யானைக்கு இருப்பது போல இரண்டு நீண்ட தந்தம். காட்டுப்பன்றிக்கும் யானைக்கும் பயந்து ராத்திரியில் கண்விழிக்கிற மனிதர். "ரெண்டும் ஒண்ணாச் சேந்து வந்தா ஊரு தாங்குமாடா?" என்று கேட்டுவிட்டுப் போனைத் திருப்பிக் கொடுத்தார்.

ஞாயிறு

பெரியப்பா சொன்னதிலிருந்து நினைப்பு அரிக்கொம்பன் என்ற காட்டு யானைக்குப் போய்விட்டது. 2023 ஏப்ரல் 29-ஆம் தேதி, நம் போடிமெட்டுக்கு மேலே இருக்கும் சின்னக்கானலில் நான்கு கும்கிகளை (பழக்கிய யானைகளை) வைத்து அதைப் பிடித்துப் பெரியாறு காட்டில் விட்டார்கள். மே 27 காலையில் அது கம்பம் தெருவில் நின்றது. 144 தடை உத்தரவு, ஊரே கதவடைத்துக் கிடந்தது. ஜூன் 5 அன்று சின்ன ஓவுலாபுரம் பக்கம் மயக்க ஊசி போட்டு ஏற்றினார்கள். அதற்கு ஆனைமலையிலிருந்து வந்தவை சுயம்பு, உதயன், முத்து என்ற மூன்று கும்கிகள். இதில் முத்துவின் பழைய பெயர் அரிசி ராஜா. பொள்ளாச்சிப் பக்கம் 2019-இல் பிடிபட்ட யானை. வீடு புகுந்து அரிசி தேடிய யானையை மடக்க, முன்பு அரிசியால் பெயர்பெற்றுப் பிடிபட்ட யானையைக் கூட்டி வந்திருக்கிறார்கள்.

போக்கிமான் செய்தவர்கள் சொல்வதும் இதைத்தான். தோற்ற தலைவனைப் பந்தில் பிடித்து அடுத்த அணியில் சேர். ராய்க்வாஸா மாட்டினால் அடுத்து வரும் டிராகன் தலைவனுக்கு எதிராக அதையே நிறுத்தலாம். ஆனால் கும்கி விஷயத்தில் ஒரு வித்தியாசம். மதம் பிடித்திருந்தால் எவ்வளவு பெரிய கும்கியும் வேலைக்கு வராது. மாமோஸ்வைனுக்கு அந்தத் தொல்லை இல்லை.

திங்கள்

போக்கிமானைத் தேர்ந்தாகிவிட்டது. ஆட்களை என்ன செய்வது?

ரெய்டு நடக்கும் ஜிம் நம் ஊர்க் கோயில் வாசலில் இருக்கிறது. ரெய்டுக்கு முன் ஜிம்மின் மேல் ஒரு முட்டை வந்து உட்காரும். 2016 டிசம்பரில் ஜியோவோடு கைகோத்து இந்த விளையாட்டு இந்தியாவுக்கு முறைப்படி வருவதற்கு முன்பே, செப்டம்பரில், கோயில்களில் முட்டை காட்டுகிறது என்று குஜராத் உயர் நீதிமன்றத்தில் பொதுநல வழக்குப் போட்டார்கள். நம் ஊரில் யாரும் வழக்குப் போடவில்லை. பூசாரிக்குத் தெரியாது, நானும் சொல்லவில்லை.

வெளியூர் நண்பர்களின் ரெய்டில் தொலைவிலிருந்தே சேர ஒரு பாஸ் உண்டு. கொரோனா காலத்தில், 2020-இல் வந்தது. 100 விளையாட்டுக் காசுக்கு விற்றதை 2023 ஏப்ரலில் 195 ஆக்கி, நாளைக்கு ஐந்து என்று வரம்பும் போட்டுவிட்டார்கள். பணம் கட்டாமல் காசு சேர்க்க ஒரே வழி ஜிம்மில் நம் போக்கிமானைக் காவல் நிறுத்துவது. பத்து நிமிடத்துக்கு ஒரு காசு, ஒரு நாளுக்கு உச்சம் 50. இதில் பட்டணத்துக்காரர்களுக்குப் புரியாத வேதனை ஒன்று இருக்கிறது. நம் போக்கிமானை யாராவது அடித்து வெளியேற்றி, அது வீடு திரும்பினால்தான் காசு கைக்கு வரும். சென்னையில் காலையில் வைத்ததை மாலைக்குள் யாராவது தட்டிவிடுவார்கள். தேவாரத்தில் வைத்தால் வைத்ததுதான். என் பிளிஸி கோயில் வாசலில் தேர் போல நிற்கிறது. எதிரி இல்லாத ஊரில் வருமானமும் இல்லை.

ஆகவே பாஸ் வாங்கும் யோசனையை விட்டேன். நேரில் பக்கத்தில் நிற்பவர்கள் நான்கு பேர் வரை ‘பார்ட்டி’யாகச் சேர்ந்தால், அவ்வப்போது பெரிய தாக்குதலின் பலம் இரட்டிப்பாகும். 2023-இல் வந்த ஏற்பாடு. மூன்று பேர் கிடைத்தால் போதும். புதன்கிழமை மாலை 6 முதல் 7 வரை ரெய்டு நேரம். எல்லா ஜிம்மிலும் தலைவன் நிற்பான். மாப்பிள்ளைக்குப் போன் போட்டேன். "எஸ்டேட்ல ஆள எறக்கிட்டு வரணும் மச்சான். ஆறரைக்குள்ள வந்துர்றேன்."

செவ்வாய்

காற்று. கரண்ட் இல்லை. போன் சார்ஜ் இல்லை.

புதன், இரவு

மாப்பிள்ளை வரும்போது 6.40. சாக்குலூத்து மெட்டு வழியாகச் சாலை போடுங்கள் என்று தேவாரம் எத்தனையோ காலமாகக் கேட்டுக்கொண்டிருக்கிறது. அது இருந்திருந்தால் ஏலத்தோட்டத்துக்குப் போகும் ஜனம் மலையை இப்படிச் சுற்ற வேண்டியதில்லை. பெண்களை அவரவர் தெருவில் இறக்கிவிட்டு, பொடி மண் அப்பிய முகத்தோடு ஜீப்பிலிருந்தே போனைத் திறந்தான்.

திரையிலும் காற்றுத்தான். மூன்று பேரும் பார்ட்டி சேர்ந்து உள்ளே போனோம். முதல் நிமிடத்தில் என்னுடைய இரண்டு மாமோஸ்வைன் விழுந்தன. காற்றுப் பலத்தோடு வந்த ஒரே அடி. ஆனால் அவை விழுவதற்குள் கொடுத்தது தலைவனின் உயிர்க்கோட்டில் தெரிந்தது. பாதியில் மாப்பிள்ளையின் சிக்னல் போய்த் திரும்பியது. நேரம் இருந்தது. பையனின் ஐந்தும் விழுந்து, ஆறாவதாக இறங்கியது சாரிஸார்ட்! எப்போது நுழைத்தானோ தெரியவில்லை. அது நெருப்பை ஊதிக்கொண்டிருக்கும்போதே, மாப்பிள்ளையின் பனிச்சரிவு விழுந்து ராய்க்வாஸா சாய்ந்தது. பள்ளிக்கூடத்தில் நாளைக்கு இந்தக் கதை எப்படிச் சொல்லப்படும் என்று எனக்குத் தெரியும்.

எனக்குக் கிடைத்த பந்துகள் எல்லாம் தீர்ந்தும் ராய்க்வாஸா ஓடிவிட்டது. மாப்பிள்ளைக்கும் அப்படியே. பையனுக்கு மட்டும் மாட்டியது. 25-ஆம் நிலை.

வியாழன்

போடி, கோம்பை, பண்ணைப்புரம் பக்கம் இதை விளையாடுகிறவர்களுக்கு: டிராகனை வீட்டிலேயே விட்டுவிட்டு, பனி வகையில் ஆறு பேரோடு வாருங்கள். அடுத்த புதனும் ரெய்டு நேரம் உண்டு, நான்காவது ஆளுக்கு இடம் இருக்கிறது. வரும்போது அப்படியே கோயில் வாசலில் நிற்கும் என் பிளிஸியைத் தட்டி வெளியே தள்ளிவிடுங்கள். எனக்கு 50 காசு கிடைக்கும்.