பிணங்களை எரிக்கச் சொன்ன முதியவர்

ரத்தக்காட்டேரிக் கதைகளில் காட்டேரி யார் என்பதைவிட, ஒருவரைக் காட்டேரி என்று முடிவுசெய்யும் அதிகாரம் யார் கையில் இருக்கிறது என்பதைத்தான் நான் கவனிப்பேன். 2014 ஜூலையில் அமெரிக்காவின் எஃப்எக்ஸ் தொலைக்காட்சியில் தொடங்கிய 'தி ஸ்ட்ரெய்ன்' தொடரின் முதல் பகுதியையும் அப்படித்தான் பார்த்தேன். 'நைட் ஸீரோ' என்ற அந்தப் பகுதியை இயக்கியவர் கியெர்மோ டெல் டோரோ.

பெர்லினிலிருந்து வந்த விமானம் நியூயார்க் ஓடுபாதையில் விளக்கணைந்து நிற்கிறது. உள்ளே 206 பேர் பிணமாகக் கிடக்கிறார்கள். நான்கு பேருக்கு மட்டும் உயிர் இருக்கிறது. சரக்கோடு வந்தது மண் நிரப்பிய ஒரு பெரிய மரப்பெட்டி. அடகுக்கடை வைத்திருக்கும் யூத முதியவர் செட்ராக்கியான் விமான நிலையத்துக்கே வந்து, தொற்றுநோய் அதிகாரிகளிடம் மன்றாடுகிறார்: இந்தப் பிணங்களின் தலையை வெட்டுங்கள், உடல்களை எரியுங்கள், வீட்டுக்கு அனுப்பாதீர்கள். யாரும் கேட்கவில்லை. அவரைக் கைதுசெய்து கொண்டுபோகிறார்கள்.

செட்ராக்கியான் நாஜி வதைமுகாமிலிருந்து உயிர்தப்பியவர். தொடருக்கு மூலமான 2009 நாவலில் அது போலந்தின் டிரெப்ளிங்கா. கொன்றதற்குத் தடயம் இருக்கக்கூடாது என்று நாஜிகள் புதைத்த பிணங்களைத் தோண்டியெடுத்து எரித்த இடம் அது. அங்கிருந்து தப்பி வந்தவர் வாயில், 'பிணங்களை எரியுங்கள்' என்ற சொல்லை வைத்திருக்கிறார்கள். எனக்கு அதிர்ச்சி தந்தது காட்டேரி அல்ல, இதுதான்.

ஏனென்றால் 'இவர்கள் மனிதர்கள் இல்லை, நோய்' என்று யூதர்களைப் பார்த்துச் சொன்னவர்கள் நாஜிகள். யூதர், பேன், டைஃபஸ் காய்ச்சல் என்று மூன்றையும் ஒன்றாகச் சேர்த்துப் போலந்தில் சுவரொட்டி ஒட்டினார்கள். வார்சாவில் ஏறக்குறைய மூன்றரை சதுர கிலோமீட்டருக்குள் 4 லட்சத்துக்கும் மேற்பட்டவர்களை அடைத்துப் பட்டினி போட்டார்கள். அந்த நெரிசலில் காய்ச்சல் பரவியது. பிறகு அந்தக் காய்ச்சலையே காட்டி, பார், இவர்களை ஒதுக்கியது சரிதானே என்றார்கள். ஆஷ்விட்ஸில் மனிதர்களைக் கொன்ற ஸைக்ளான்-பி, பேன் ஒழிக்கப் பயன்பட்ட பூச்சிமருந்து.

தொடர் நாஜிகளின் பக்கம் நிற்கிறது என்று நான் சொல்லவில்லை. நோயை ஊருக்குள் கொண்டுவருவது யார் என்பதை இந்தப் பகுதி தெளிவாகவே காட்டுகிறது. சாகாவரம் தேடும் ஒரு பெருங்கோடீசுவரரும், பழைய முகாம் அதிகாரி ஒருவரும்தான் திட்டம் போடுகிறார்கள். பெட்டியை வண்டியில் ஏற்றிக்கொண்டு போவது, சிறையிலிருந்து வந்து பணத்துக்கு அல்லாடும் மெக்ஸிகோ வம்சாவளி இளைஞன் கஸ். வாயிலில் அவனை விட்டுவிடுபவர், மனைவியின் புற்றுநோயால் அவர்களுக்குக் கட்டுப்பட்டவர். இந்த அரசியலில் எனக்குக் குறையில்லை.

குறை கடைசிக் காட்சியில். இறந்துபோன சிறுமி எம்மா இரவில் வீட்டுக்கு வருகிறாள். அப்பா வாரி அணைத்துக்கொள்கிறார். நாம் உள்ளுக்குள் கத்துகிறோம்: தொடாதே! கதையின் விதிப்படி முதியவர் சொன்னது சரி, அப்பாவின் பாசம் ஆபத்து. 'தொடாதே' என்ற சொல்லைத் தலைமுறை தலைமுறையாகக் கேட்டுவந்த நான், அதே சொல்லை நானே நினைக்கும்படி வைத்துவிட்டார்களே என்று சற்று நேரம் திரையை நிறுத்திவிட்டேன்.

இந்தப் பகுதி ஒளிபரப்பான நாட்களில் மேற்கு ஆப்பிரிக்காவில் எபோலா பரவிக்கொண்டிருந்தது. அங்கே பிணத்தைத் தொட்டால் உண்மையாகவே நோய் தொற்றும். 2014 ஆகஸ்டில் லைபீரியாவின் தலைநகர் மன்ரோவியாவில் வெஸ்ட் பாயிண்ட் என்ற ஏழைகள் குடியிருப்பை ராணுவத்தை வைத்து அடைத்தார்கள். மக்கள் எதிர்த்தார்கள், துப்பாக்கிச் சூட்டில் 15 வயதுச் சிறுவன் செத்தான். சுமார் பத்து நாளில் அரசு அடைப்பைத் திறந்தது. இறந்தவர்களை எரிக்கவும் உத்தரவிட்டார்கள். அடக்கம் செய்வதே வழக்கமான அந்த மக்கள், எரிப்பதற்குப் பயந்து நோயாளிகளை மறைத்தார்கள், ரகசியமாகப் புதைத்தார்கள். பிறகுதான் உலக சுகாதார நிறுவனம் வழிமுறையை மாற்றி எழுதியது: பாதுகாப்பாக, ஆனால் மரியாதையோடு அடக்கம் செய்யுங்கள், குடும்பத்தாரை அருகில் நிற்கவிடுங்கள், அவர்கள் பிரார்த்தனையை நடத்தவிடுங்கள் என்றது. அங்கேயும் கிருமி இருந்தது, ஆபத்து இருந்தது. ஆனால் இறந்தவர் அப்போதும் ஒரு வீட்டின் மகன், மகள், தாய்.

கொரோனாவில் எங்கள் பக்கமும் இதைப் பார்த்தோம். ஊர்த்தெருவில் நோய் வந்தபோது அந்த ஒரு வீட்டுக்குத் தகரம் அடித்தார்கள். எங்கள் தெருவில் ஒருவருக்கு வந்ததும் தெருவாசலுக்கே அடித்தார்கள். கிருமி ஒன்றுதான், தகரத்தின் அளவுதான் வேறு. பால் வாங்கக்கூட வெளியே போக முடியாமல் கைக்குழந்தைக்காரிகள் தகரத்தைத் தட்டிக்கொண்டு நின்றார்கள்.

பேய்க்கதையை ரசிப்பதில் தப்பில்லை. நானும் மீதிப் பகுதிகளைப் பார்ப்பேன். திரையில் காட்டேரியின் வாயிலிருந்து புழு நெளிவதைக் காட்டிவிடுவதால் நமக்குச் சந்தேகம் வருவதில்லை. நிஜத்தில் அப்படி யாரும் காட்டுவதில்லை. ஒரு தெருவையே கைநீட்டிச் சொல்லிவிட்டுப் போகிறார்கள். அப்படிக் கைநீட்டும்போது நாம் கேட்க வேண்டியவை இரண்டு: இந்தப் பெட்டியை ஊருக்குள் கொண்டுவந்தது யார்? தகரத்துக்கு அந்தப் பக்கம் இருப்பவர்களுக்குச் சோறு போனதா?