தோண்டாமல் விட்ட வரிசை

கடலூருக்குத் தெற்கே சிப்காட்டைத் தாண்டிக் கடற்கரைப் பக்கம் திரும்பியதும் காலடியில் மணல் ஆரம்பித்துவிடுகிறது. நொச்சிக்காடு, தியாகவல்லி என்று அடுத்தடுத்து வரும் ஊர்களில் சவுக்கும் முந்திரியும் நிற்கும் இடம் போக, கொல்லை கொல்லையாக ஆளுயரப் புல். சாலையில் போகிறவர்கள் தரிசு என்று நினைத்துக் கடந்துவிடுவார்கள். இறங்கி உள்ளே நடந்தால்தான் நேர் பிடித்து நட்ட வரிசையும், தூருக்குத் தூர் விட்ட இடைவெளியும் கண்ணில் படும். எல்லாம் வெட்டிவேர்.

வேரைக் கடையில் வாங்கித்தான் நமக்குப் பழக்கம். செடி இவ்வளவு அழகாக இருக்கும் என்று நான் எதிர்பார்க்கவில்லை. விறைத்த, ஒடுங்கிய தாள்கள் தோள் உயரத்துக்கு எழுந்து நுனியில் மட்டும் வளைகின்றன. அதற்கும் மேலே ஊதா கலந்த பழுப்பில் பூங்கதிர். கடல்காற்றில் கொல்லை மொத்தமும் ஒரே பக்கம் சாய்ந்து நிமிர்கிறது. வீட்டு முகப்பில் வரிசையாக வைக்க வெளிநாட்டுப் புல்லைத் தேடி நர்சரிக்குப் போகிறவர்கள் ஒருமுறை இங்கே வந்து பார்க்கலாம். தென்னாட்டில் பயிராகும் இந்த வகை பூத்தாலும் விதையால் பெருகுவதில்லை. நட்ட இடத்தை விட்டு நகராது, அடுத்தவர் கொல்லையில் களையாக முளைக்காது. தோட்டக்காரருக்கு இதைவிட என்ன வேண்டும்?

ஒரு கொல்லையில் அறுவடை நடந்துகொண்டிருந்தது. முதலில் அரிவாளால் தாளை அறுத்து ஒதுக்குகிறார்கள். அது கூரைக்கும் மூடாக்குக்கும் போகும். பிறகு ஜேசிபி வந்து வரிசையின் ஓரமாக மண்ணைக் கிள்ளித் தூரோடு புரட்டிப் போடுகிறது. முன்பெல்லாம் மண்வெட்டியும் கடப்பாரையும்தான். ஒரு ஆள் நாள் முழுக்கத் தோண்டினாலும் கொஞ்சம்தான் நகரும் என்றார் கொல்லைக்காரர். புரட்டிய தூர்களைப் பெண்கள் எடுத்துத் தடியால் தட்டுகிறார்கள். மணல் பொலபொலவென்று உதிர்கிறது. இந்தப் பயிர் இங்கே நிலைத்ததற்கு அந்த உதிர்வுதான் காரணம். களிமண்ணில் வேர் பாதியில் அறுந்து உள்ளேயே தங்கிவிடும், மணலில் முழுசாக வரும்.

ஒரு தூரை வாங்கிக் கையில் பிடித்துப் பார்த்தேன். மஞ்சளும் பழுப்புமாக, நூல் கண்டு பிரிந்ததுபோல வேர்க் கற்றை. அது பக்கவாட்டில் ஓடுவதில்லை, நேரே கீழே இறங்குகிறது. வாகான மண்ணில் 3 மீட்டர் ஆழம்கூடப் போகும். ஜேசிபி வாரியில் சிக்குவது மேல்பகுதி மட்டும்தான். அடியில் கிடப்பது மண்ணுக்கே. முகர்ந்தால் மழை பெய்து ஓய்ந்த கொல்லை வாசம், அதற்கடியில் ஒரு கசப்பு. கடைவேரில் இந்தக் கசப்பு இருப்பதில்லை.

"பன்னெண்டு மாசம் நிக்கணும் தம்பி. பணத்துக்கு அவசரப்பட்டு எட்டாம் மாசமே தோண்டுனா வேரு சன்னமா இருக்கும், எண்ணெயும் வராது. பதினஞ்சு மாசம் விட்டா இன்னும் நல்லது. அது வரைக்கும் வட்டி கட்டணுமே?"

பேசிக்கொண்டே தூரின் தலையை அரிவாளால் தறித்தார். வேர் ஒரு பக்கம், தலை ஒரு பக்கம். தலையைக் கையாலேயே பிய்த்து இரண்டு மூன்று தண்டு சேர்ந்தாற்போல் பிரிக்கிறார்கள். தாளை ஒரு சாண் விட்டு நறுக்கி, ஒட்டியிருக்கும் வேரை இரண்டு விரற்கடைக்குக் கத்தரித்தால் நாற்று தயார். வெயில் படாமல் ஈரச் சாக்கில் சுற்றி வைத்து, தோண்டிய கொல்லையிலேயே மறுபடி நடுகிறார்கள். வேர் பிடிக்கும் வரை தண்ணீர் தவறக்கூடாது. பிடித்துவிட்டால் கவலையில்லை. உவர், வறட்சி, சில நாள் தேங்கும் மழைநீர் எல்லாவற்றையும் தாங்கும். லக்னோவில் உள்ள மத்திய மருத்துவ, நறுமணப் பயிர் ஆராய்ச்சி நிறுவனம் கேசரி, குலாபி, சிம்-விருத்தி என்று எண்ணெய்க்காகவே ரகங்கள் கொடுத்திருக்கிறது.

பக்கத்தில் எண்ணெய் காய்ச்சும் கொட்டகை. கழுவி உலர்த்திய வேரை நறுக்கி எவர்சில்வர் கலத்தில் அடைத்து, கொதிகலனிலிருந்து நீராவியை விடுகிறார்கள். பூவாக இருந்தால் சில மணி நேரத்தில் முடிந்துவிடும். வேர் அப்படி இளகாது. ஒரு பகலும் ஓர் இரவும் எரிக்க வேண்டியிருக்கிறது. 100 கிலோ வேருக்கு ஒரு கிலோ எண்ணெய் கிடைத்தால் நல்ல விளைச்சல். இந்த எண்ணெயின் அடர்த்தி கிட்டத்தட்டத் தண்ணீரின் அடர்த்திதான். அதனால் சட்டென்று மிதந்து பிரியாது, கொஞ்சம் மேலே நிற்கும், கொஞ்சம் அடியில் தங்கும். பொறுமையாகத் தெளியவிட்டு வடிக்க வேண்டும். தேன் பதத்தில் ஒரு துளியைப் புறங்கையில் தடவிவிட்டார்கள். அன்று இரவு சாப்பிடும்போதும் வாசம் போகவில்லை. ஹைட்டியும் ஜாவாவும் உலகச் சந்தைக்கு அனுப்புவதும் இதையேதான்.

எனக்கு உறுத்தியது தோண்டி முடித்த கொல்லை. ஓராண்டுக்கு மேல் மணலைக் கட்டிப் பிடித்திருந்த வேர் போனதும் நிலம் பொலபொலத்துக் கிடக்கிறது. காற்று அடித்தால் மணல் கிளம்புகிறது. ஹைட்டியில் சரிவு நிலங்களில் இப்படித் தோண்டுவதாலும் மேல்மண் கரைந்து ஓடுகிறது. இத்தனைக்கும் மண்ணைக் காப்பதில் இதற்கு ஈடான புல் அபூர்வம். கர்நாடகத்தில் குண்டல்பேட்டைப் பக்கத்து விவசாயிகள் தலைமுறைகளாக இதை வரப்பில் வேலியாக வைத்திருக்கிறார்கள். வேளாண் வல்லுநர் ஜான் கிரீன்ஃபீல்ட் 1950களில் பிஜித் தீவின் கரும்புத் தோட்டங்களில் இதை வைத்து மண்ணரிப்பைத் தடுத்தார். 1980களில் அவரும் ரிச்சர்ட் கிரிம்ஷாவும் உலக வங்கிப் பணிக்காக இந்தியாவுக்கு வந்தபோது இதையே பரப்பினார்கள். தாய்லாந்து மன்னர் பூமிபோல் தன் நாட்டு மலைச்சரிவுகளுக்கு இதைக் கொண்டுபோனார். வேரின் இழுவிசைத் தாங்குதிறன் சாதாரண எஃகில் ஆறில் ஒரு பங்கு என்று அளந்திருக்கிறார்கள். நம் ஊர்ப் புல்லின் இந்தப் பெருமை நமக்கு வாசனையளவுக்குத் தெரியவில்லையே என்று வருத்தமாக இருந்தது.

"வரப்போரம் ஒரு வரிசையைத் தோண்டாம விடக்கூடாதாங்க ஐயா?"

"இது குத்தகைக் கொல்லை தம்பி. விட்ட வரிசைக்கும் சேத்துத்தான் குத்தகை கட்டணும். என் சொந்தக் கொல்லையில வந்து பாருங்க."

கூட்டிக்கொண்டு போய்க் காட்டினார். போர் செட்டிலிருந்து ஓடை இறங்கும் சரிவில் நெருக்கமாக ஒரு வரிசை. தானே புயல் கரையேறிய 2011 டிசம்பருக்கு முன்பே நட்டதாம். முந்திரி மரங்கள் வேரோடு சாய்ந்த அந்தக் காற்றில் இது படுத்து எழுந்தது என்றார். ஒரு பக்கம் சேர்ந்த மணல் மறுபக்கத்தைவிட முழங்கால் உயரம் கூடியிருந்தது. மணல் ஏற ஏறத் தூரும் மேலே புது வேர் விட்டு ஏறிக்கொள்கிறது. அவர் செலவழித்ததெல்லாம் ஒரு கட்டு நாற்றும், ஆண்டுக்கு இரண்டு முறை முழங்கால் உயரத்துக்குக் கத்தரிக்கும் கூலியும்தான்.

வயலில் வேருக்காக நடும்போது விடும் இடைவெளி இதற்கு ஆகாது. வேலிக்கு ஒரு சாணுக்கும் குறைவாக, 10 முதல் 15 செ.மீ. விட்டு, சரிவுக்குக் குறுக்கே ஒரே மட்டத்தில் நட வேண்டும். ஓரிரு ஆண்டில் சந்து அடைத்துக்கொள்ளும். அப்படிக் கடலோரக் கொல்லைகளில் தோண்டாமல் விடும் வரிசைக்கு வேளாண் துறை மீட்டர் கணக்கில் ஒரு தொகை கொடுத்தால், குத்தகைக்காரரும் துணிந்து விடுவார். நாற்றுக்கு எங்கும் அலைய வேண்டாம். ஒவ்வொரு அறுவடையிலும் தறித்துப் போடும் தலைகளே ஊருக்குப் போதும்.