கூடாரத் துணியின் ஆயுள்

கூடாரத்துக்கு எதிரி யார் என்று வகுப்பில் கேட்டுப் பார்த்தேன். காற்று, மழை என்றார்கள். உண்மையில் முதல் எதிரி வெயில்தான்.

வெயிலில் உள்ள புற ஊதாக் கதிர்கள் நைலான், பாலியஸ்டர் இழைகளின் மூலக்கூறுச் சங்கிலிகளைக் கொஞ்சம் கொஞ்சமாக அறுக்கின்றன. நம் கண்ணுக்குத் தெரிவது நிறம் மங்குவது மட்டுமே. ஒருநாள் சாதாரணக் காற்றுக்கே துணி கிழியும். பழி காற்றின் மேல் விழும்!

அடுத்த எதிரி ஈரம். மலையேற்றப் பிரியரான எங்கள் அண்ணன், மழையில் நனைந்த கூடாரத்தை அப்படியே சுருட்டிப் பரணில் போட்டுவிட்டார். பல மாதம் கழித்துப் பிரித்தால் உள்பக்கம் ஒரே பிசுபிசுப்பு, நாற்றம் வேறு. தண்ணீர் புகாமலிருக்கப் பூசும் பாலியூரிதேன், ஈரத்தோடு வினைபுரிந்து சிதைந்திருந்தது. நிழலில் கூடாரம் அடியுங்கள், நன்றாக உலர்த்தி மடியுங்கள். இவ்வளவுதான் வைத்தியம்.

ஆனால் கூடாரமே வீடாகிப் போனவர்கள் என்ன செய்வார்கள்? வெயில் அடிக்கிறதென்று அவர்களால் பிரித்து மடித்து வைக்க முடியுமா? ஐ.நா. அகதிகள் உயர் ஆணையத்தின் குடும்பக் கூடாரம் ஐந்து பேருக்கானது. குறைந்தது ஒரு வருஷம் தாங்கவேண்டும் என்பது அதற்கான அளவுகோல். சிரியா அகதிகளுக்காக 2012 ஜூலையில் ஜோர்டானின் வறண்ட வெளியில் ஜாதாரி முகாம் கூடாரங்களோடு தொடங்கியது. பிறகு கூடாரங்களுக்குப் பதில் பெட்டி போன்ற ஆயத்த அறைகள் வந்தன. பத்து வருஷம் கழித்தும் முகாம் அங்கேயே இருந்தது.

துணியின் ஆயுளைச் சோதனைக்கூடத்தில் கணக்கிட்டுவிடலாம். அகதி வாழ்க்கையின் ஆயுளை யார் கணக்கிடுவது? நீங்களே சொல்லுங்கள்.